முதனிலைப் பொருள் விலையும் உலக மந்தமும்: கல்டோரின் ஒரு சிந்தனை

நிக்கொலஸ் கல்டோரை (1908–1986) நம்மவர் பெரும்பாலும் செலவு வரியோடு சேர்த்தே நினைவுகூர்வர். 1958 இல் இலங்கையின் நேர்வரி அமைப்புக் குறித்து ஆலோசனை கூறியவர் அவர். ஆயின், ஏற்றுமதிப் பயிர்களை நம்பிய நாட்டுக்கு அவரது வேறொரு சிந்தனையே முக்கியமானதென நாம் கருதுகிறோம். உலகப் பணவீக்கமும் மந்தமும் பற்றி 1976 இல் அவர் வெளியிட்ட கட்டுரையில் அது விளக்கம் பெற்றுள்ளது.

உலகப் பொருளாதாரத்தை அவர் இரு துறைகளாகக் கண்டார். கைத்தொழிற் பொருளின் விலையை உற்பத்தியாளனே செலவோடு இலாபத்தைக் கூட்டி நிர்ணயிக்கிறான். கேள்வி குறைந்தால் உற்பத்தியைக் குறைப்பானேயன்றி விலையை எளிதிற் குறையான். தேயிலை, இறப்பர், கோதுமை, செம்பு ஆகியவற்றின் விலையையோ சந்தை நிர்ணயிக்கிறது. விலை ஏறினாலும் புதிய இறப்பர்க் கன்று பால் தர ஆறேழு ஆண்டுகள் செல்லும். வீழ்ந்தாலும் நட்ட மரத்தைப் பிடுங்குவார் அரிது.

மூலப்பொருள் விலைவீழ்ச்சி கைத்தொழில் நாடுகளுக்கு இலாபமே என்பது பொது எண்ணம். கல்டோரோ, அவ்வீழ்ச்சியால் முதனிலை உற்பத்தி நாடுகளின் வாங்குந்திறன் குன்ற, கைத்தொழிற் பொருளுக்கான கேள்வியும் குன்றும் என்றார். விலை ஏறினாலும் விமோசனமில்லை. ஏற்றம் கைத்தொழில் நாடுகளில் கூலியாகவும் விலையாகவும் பரவ, அரசுகள் கடனை இறுக்கிச் செலவை ஒடுக்கி வேலையின்மையைத் தோற்றுவிக்கின்றன. 1972–74 இல் தானியமும் எண்ணெயும் விலையேறிய பின் நிகழ்ந்தது இதுவே. பணநிரம்பலிலேயே பணவீக்கத்தின் மூலத்தைத் தேடிய பணவாதிகளோடு அவர் பொருதியதன் காரணமும் இங்குதான் உள்ளது.

பரிகாரம்? களஞ்சியப்படுத்திய பண்டங்களையே ஆதாரமாகக் கொண்ட சர்வதேச நாணயம். 1964 இல் ஹார்ட், டின்பேர்கன் ஆகியோருடன் சேர்ந்து ஐ.நா. வர்த்தக அபிவிருத்தி மாநாட்டுக்கு அவர் இதனை முன்வைத்தார். விலை தாழும்போது பண்டம் வாங்கப்பட்டு நாணயம் வெளிவரும். ஏறும்போது பண்டம் விற்கப்பட்டு நாணயம் திரும்பும். யோசனை ஏற்கப்படவில்லை. நம் நாட்டவரான காமணி கொரியா அம்மாநாட்டமைப்பின் செயலாளர் நாயகமாயிருந்த காலத்தில், 1976 இல் நைரோபியில் உருவான பண்டத் திட்டம் அதனிலும் அடக்கமானது. அதன் பொது நிதியம் 1980 இல் உடன்படப்பட்டும் 1989 இலேயே நடைமுறைக்கு வந்தது. இடையில், 1985 இல், தகர உடன்படிக்கையின் இருப்பு முறை முறிந்துபோயிற்று.

தேயிலையை நெடுங்காலம் களஞ்சியப்படுத்தினால் தரம் கெடும் என்பது இவ்வழியின் ஒரு தடை. எமக்கு அதனினும் பெரிதாகத் தோன்றுவது வேறு. கல்டோரின் 'துறை'க்குள் தோட்ட உரிமையாளரும் கொழுந்து பறிப்பவரும் ஒருவராகவே தோன்றுகின்றனர். கொழும்பு ஏலத்தில் விலை நிலைபெற்றால் லயத்து அடுப்பும் நிலைபெறும் என்பதற்கு உத்தரவாதமில்லை. உலகத் தானிய விலையேற்றம் இந்நாட்டைத் தாக்கிய 1974 இல், தோட்டப்பகுதிகளின் இறப்பு வீதம் நாட்டின் ஏனைய பகுதிகளிலும் மிகக் கூடுதலாய் உயர்ந்திருந்தது.