உங்களுக்குத் தெரியுமா? பம்பரமாய்ச் சுற்றியது நிஜ வீடு!

பஸ்டர் கீட்டனின் ‘ஒன் வீக்’ (1920) மௌனப் படத்தில் புயலில் பம்பரமாய்ச் சுழலும் வீடு பொம்மை அல்ல. சுழல்மேடை மீது எழுப்பிய முழு அளவு வீடு. புதுமணத் தம்பதிக்குப் பரிசாக வருகிறது, பெட்டி பெட்டியாக வந்து இறங்கும் ‘நீங்களே கட்டிக்கொள்ளும்’ வீடு. பெண்ணை மணக்க முடியாமல் போனவன் பெட்டிகளின் எண்களை மாற்றி எழுதிவிட, கோணல் மாணலாக எழும்புகிறது. தவறான மனையில் கட்டியதால் அதை இழுத்துப் போகும்போது தண்டவாளத்தில் சிக்குகிறது. வரும் ரயில் பக்கத்துத் தடத்தில் கடந்துவிட, அப்பாடா என்பதற்குள் எதிர்த்திசை ரயில் வீட்டை நொறுக்குகிறது. அதுவும் நிஜ ரயில்தான்.

கேமரா வித்தை தெரியாததால்தான் இத்தனை பாடு என்று சிலர் நினைக்கலாம். அது பொருந்தாது. மறு ஆண்டே ‘தி பிளேஹவுஸ்’ படத்தில் ஒரே சட்டகத்தில் ஒன்பது கீட்டன்கள் தோன்றினார்கள். பன்முறைப் பதிவு அவருக்குக் கைவந்த கலை. வீடு என்று வந்தாலோ நிஜத்தையே நாடினார். காரணம் எளிது என்றே தோன்றுகிறது: கனமில்லாத வீடு இடிந்தால் சிரிப்பு வராது. 1928இல் ‘ஸ்டீம்போட் பில் ஜூனியர்’ படத்தில் நிஜச் சுவர் ஒன்று முழுதாக அவர்மேல் சாய்கிறது. திறந்த மாடி ஜன்னல் இடைவெளியால் தப்புகிறார். சற்றே நகர்ந்திருந்தால் சிரிக்க வைக்க ஆளிருந்திருக்காது.

‘ஒன் வீக்’கின் கடைசிக் காட்சியில் இடிபாட்டின் மேல் ‘விற்பனைக்கு’ பலகை வைக்கிறார். கூடவே, கட்டும் முறை விளக்கத்தாளையும்.