காணும் கண்ணும் கிளைக்கும் உலகும்

ஓர் இரவில் விண்மீன்கள் அனைத்தும் அவிந்துபோகின்றன. கதிரவனை நடுவாகக் கொண்டு, 1,200 கோடி கிலோமீட்டர் ஆரமுள்ள கரிய கோளம் ஒன்று நம் கோள்களையெல்லாம் மூடிக் கவிந்துவிட்டது. 2034ஆம் ஆண்டில் நிகழ்வதாக இதைக் கற்பனை செய்தவர் ஆஸ்திரேலிய எழுத்தாளர் கிரெக் ஈகன். 1992இல் வெளிவந்த 'குவாரண்டைன்' என்னும் புதினத்தில். மனித இனத்தை ஏன் இப்படிச் சிறை வைத்தார்கள்? வானத்தைப் பார்த்தோம்; அதுவே நாம் செய்த குற்றம்.

இந்த விந்தையான விடைக்கு வேர் அறிவியலில் இருக்கிறது. எதிர்மின்னி போன்ற நுண்துகளை அளக்கும்வரை, அதற்கு இன்ன இடம் என்று ஒன்றைக் குவாண்டம் இயற்பியல் சொல்வதில்லை. இருக்கக்கூடிய இடங்கள் யாவும் ஒன்றன்மேல் ஒன்று பொருந்தி, அலைச்சார்பாக விரிந்து கிடக்கின்றன. அளந்த கணத்தில் ஒரே விடைதான் கிடைக்கிறது. விரிந்த அலை ஒடுங்கிவிட்டது என்கிறோம். எங்கே ஒடுங்கியது? அளக்கும் கருவியும் அணுக்களால் ஆனதே. கருவியை நோக்கும் கண்ணும், கண் தரும் செய்தியைப் பெறும் மூளையும் அவ்வாறே. காண்பதற்கும் காணப்படுவதற்கும் இடையிலான எல்லைக்கோட்டை இச்சங்கிலியின் எந்தக் கண்ணியில் வரைந்தாலும் கணக்கின் விடை மாறாது என்று ஜான் வான் நியூமன் 1932இல் காட்டினார்.

1961இல் யூஜின் விக்னர் அந்தக் கோட்டை நனவின் வாயிலில் கொண்டுபோய் நிறுத்தினார். அடைத்த அறைக்குள் நண்பர் ஒருவர் துகளை அளக்கிறார். ஒளி மின்னலாம், மின்னாமலும் போகலாம். வெளியே நிற்பவரின் கணக்குப்படி, கதவு திறக்கும்வரை அந்த நண்பர் ஒளியைக் கண்டவராகவும் காணாதவராகவும் ஒருசேர இருந்தாக வேண்டும். ஷ்ரோடிங்கர் 1935இல் ஒரு பூனைக்கு இத்தகைய நிலையைக் கற்பித்தார். பூனை வாய் திறந்து சொல்லாது, நண்பர் சொல்வார். 'கதவு திறக்குமுன் என்ன கண்டீர்?' என்று கேட்டால், ஐயமின்றி ஒரே விடை தருவார். ஆகவே, உணர்வு புகுந்த இடத்திலேயே அலை ஒடுங்கியிருக்க வேண்டும் என்றார் விக்னர். அவருடைய முடிவு எனக்கு உடன்பாடன்று. ஆயினும், தன் நண்பரின் உள்ளத்தைக் கணக்கிலிருந்து தள்ளிவிட மறுத்த அந்த நேர்மையை மதிக்கிறேன்.

இதற்கு நான்கு ஆண்டுகளுக்கு முன்பே, 1957இல், பிரின்ஸ்டனில் ஆய்வு செய்த ஹியூ எவரெட் வேறொரு வழியைத் திறந்திருந்தார். அலை ஒடுங்குவதே இல்லை என்பது அவர் கொள்கை. எல்லா விடைகளும் நிகழ்கின்றன. அளப்பவரும் அவற்றோடு சேர்ந்து கிளைக்கிறார். பல்லுலகக் கொள்கை என்று பின்னர் பெயர் பெற்றது இதுவே. இங்குதான் புனைகதைகள் பலவும் தடுமாறுகின்றன. மனம் அலையை ஒடுக்குகிறது என்பார்கள். அதே மூச்சில் மனம் பல உலகங்களைப் படைக்கிறது என்பார்கள். விக்னரின் வழி ஒன்றைத் தவிர மற்றவற்றை அழிப்பது. எவரெட்டின் வழியில் எதுவும் அழிவதில்லை; மனத்துக்கு அங்கே தனிச் சிறப்பும் இல்லை. இரண்டும் ஒரே வினாவுக்கான மாற்று விடைகள். ஒன்றை ஏற்றால் மற்றொன்றுக்குத் தேவையே எழாது.

ஈகன் இம்முரணை நன்கு உணர்ந்து கதை கட்டினார். தொடக்கத்தில் அண்டம் முழுவதும் எவரெட் சொன்னபடி விரிந்தே இருந்தது. அந்த விரிவிலேயே வாழும் உயிர்களும் இருந்தன. பின்பு மனித மூளையில் ஒரு திறன் வளர்ந்தது: பார்த்ததை ஒன்றாக்கும் திறன். தொலைநோக்கியை நாம் உயர்த்திய ஒவ்வொரு முறையும், தொலைவில் எண்ணிறந்த வாழ்வுகள் மாய்ந்து ஒன்றே எஞ்சியது. கரிய கோளம் அவ்வுயிர்கள் எழுப்பிய காப்புச் சுவர்.

கதைசொல்லியின் மூளையில் அந்தத் திறனை நிறுத்திவைக்க வழி பிறக்கிறது. அவன் விரிகிறான். பூட்டு திறந்துகொள்ளும், காவலர் கண்ணில் படாத அந்த அரிய நிலையைத் தேர்ந்து, அதிலேயே ஒடுங்குகிறான். தோற்றுப்போன மற்ற அவன்கள்? தானும் அப்படி மாய்பவர்களுள் ஒருவனாக இருக்கக்கூடும் என்ற அச்சம் அவனை விடுவதில்லை. நனவு பற்றிய குவாண்டம் கற்பனைகளில் இவ்வளவு கனமான இடத்தை நான் வேறெங்கும் கண்டதில்லை.

பிலிப் புல்மன் 1995 முதல் 2000 வரை வெளியிட்ட மூன்று புதினங்களில் வழி வேறு. சுண்டிய நாணயம் விழும் நொடியில் உலகங்கள் பிரிகின்றன. அதில் மனத்துக்குப் பங்கில்லை. நனவோ உலகங்களின் ஊடே மிதக்கும் ஒருவகைத் துகளை ஈர்க்கிறது. ஆக்ஸ்போர்டில் கரும்பொருளை ஆராயும் மேரி மலோனின் கருவி, வெறும் தந்தத் துண்டைக் காட்டினால் அசைவதில்லை. அதே தந்தத்தில் செதுக்கிய சதுரங்கக் காய்க்கு விடை தருகிறது. இரண்டு கருத்துகளையும் தனித்தனியே வைத்ததால் புல்மனிடம் முரண் எழவில்லை.

கதைக்கு வெளியே, காற்று எதிர்த்திசையில் வீசியது. 1970இல் டீட்டர் ட்சே தொடங்கிய ஆய்வு, மேற்பொருந்திய நிலையின் ஒத்திசைவைச் சூழலே குலைத்துவிடுகிறது என்று காட்டியது. விக்னரும் பிற்காலத்தில் தம் கருத்தைக் கைவிட்டார். மூளைக்குள் அத்தகைய நிலை எவ்வளவு நேரம் தாங்கும் என்று 2000இல் மேக்ஸ் டெக்மார்க் கணக்கிட்டார். மிக நீண்டதாக அவர் கண்ட காலம், ஒரு நொடியைப் பத்து இலட்சம் கோடிக் கூறாக்கியதில் ஒரு பங்கு. நரம்பின் ஒரு துடிப்புக்கு ஆகும் நேரத்துக்குள் அந்நிலை ஏறத்தாழ ஆயிரம் கோடி முறை தோன்றிக் குலைந்துவிடும். பலவற்றுள் ஒன்றே ஏன் நமக்கு வாய்க்கிறது என்ற வினாவை இக்கணக்கு தீர்க்கவில்லை. இயற்பியலாளரிடையே அந்த வழக்கு இன்றும் நடக்கிறது. ஆனால் விக்னரின் நண்பர் கதவு திறக்கக் காத்திருக்க வேண்டியதில்லை. அறையிலுள்ள காற்றின் மூலக்கூறுகளும், சுவரின் வெம்மையும், விளக்கின் ஒளியும் அவரை எப்போதோ பார்த்துவிட்டன.