ஜப்பானியச் சித்திரக் கதைகளில் எங்கே தொடங்குவது?

மலேசியாவின் தோட்டப்புற ஊர்களான பத்தாங் பெர்ஜுந்தையிலும் புக்கிட் ரோத்தானிலும் மலாய் பேசும் டோராமோனைப் பார்த்து வளர்ந்த பிள்ளைகள், இன்று தம் வீட்டாருக்கு எந்த அனிமே படத்தை முதலில் காட்டுவது, எந்த மங்காச் சித்திரக் கதைப் புத்தகத்தை வாங்கித் தருவது என்று யோசிக்கையில், அதே தோட்டத்து வீடுகளில் முன்பு வாழ்ந்தவர்களுக்கு ஜப்பான் என்ற பெயர் அச்சத்தையே ஞாபகப்படுத்தியது என்பதை மறத்தலாகாது. 1942 ஜனவரியில் ஜப்பானியப் படை இப்பக்கம் வந்தது, பின்னர் மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர், 415 கிலோமீட்டர் நீளமுள்ள சயாம் மரண ரயில் பாதை வேலைக்குக் கொண்டுசெல்லப்பட்டார்கள், திரும்பாதவர் அநேகர். ஆகவே, பிரசித்தி பெற்றது எது என்று தேடுவதைவிட, நம் வாழ்வுக்குச் சமீபமானது எதுவோ அதில் தொடங்குவதே உசிதம் என்பது என் அபிப்பிராயம்.

பெரியவர்கள் முதலில் பார்க்கவேண்டியது, இஸாவோ தகஹாதா 1988 இல் இயக்கிய 'கிரேவ் ஆஃப் தி ஃபயர்ஃபிளைஸ்'. 1945 இல் அமெரிக்க விமானங்கள் கோபே நகரத்தை எரித்தபோது தாயை இழந்த சேய்த்தாவும் அவன் தங்கை செத்ஸுகோவும் பசியோடு போராடும் இக்கதைக்கு மூலம், வளர்ப்புத் தங்கையைப் பட்டினிக்குப் பறிகொடுத்த அகியுகி நோஸகா 1967 இல் எழுதிய சிறுகதை. பக்கத்திலுள்ள கம்போங் குவாந்தானில் பெரெம்பாங் மரங்கள்மீது ஒரே தாளத்தில் மின்னும் பூச்சிகளைப் படகிலிருந்து கண்டு மகிழ்ந்தவர்களுக்கு, அக்குழந்தைகள் இரவில் விளக்காக வைத்துக்கொண்ட மின்மினிகள் விடிந்ததும் செத்துக் கிடப்பது நெஞ்சை விட்டு அகலாது. யுத்தம் தொடுத்த ராஜ்யம் தன் குழந்தைகளையும் காக்கவில்லை என்பதை இப்படம் பிரசங்கமின்றிக் காட்டுகிறது. ஆயினும் அந்த ராஜ்யம் மலாயாவில் இழைத்தது இதில் இல்லை. அதைச் சொல்ல, சயாம் கதையைப் பெற்றோர் வாயிலாகக் கேட்டறிந்த பாட்டியோ தாத்தாவோ பக்கத்தில் இருப்பது அவசியம்.

சிறு பிள்ளைகளுக்கு இது வேண்டாம். அதே நாளில் வெளியான, ஹயாவோ மியாஸகியின் 'மை நெய்பர் டோட்டோரோ' அவர்களுக்கு உகந்தது: தாய் ஆஸ்பத்திரியில் இருக்க, கிராமத்து வீட்டுக்குக் குடிவந்த சகோதரிகள் இருவர், குடையில்லாமல் போன தந்தைக்காக மழையில் பேருந்து நிறுத்தத்தில் காத்திருக்கையில், வனதேவதை ஒன்று மெல்ல அருகில் வந்து நிற்கிறது.

மங்காவை வலப்புறமிருந்து இடப்புறமாக வாசிக்கும் முறை சில பக்கங்களில் பழகிவிடும். எய்சிரோ ஓடா 1997 இல் தொடங்கிய 'ஒன் பீஸ்' நூறு தொகுதிகளைக் கடந்தும் முடிவுறாத சமுத்திரமாதலால், அது பிறகு ஆகட்டும். முதலில் வாசிக்கவேண்டியது ஹிரோமு அரகாவாவின் 'சில்வர் ஸ்பூன்'; அது 15 தொகுதிகளில் நிறைவு பெற்றது. ஹொக்கைடோவில் பால்பண்ணைக் குடும்பத்தில் பிறந்த அவர், நகரத்துப் படிப்பின் போட்டியில் சோர்ந்து விவசாயப் பள்ளிக்கு வந்த மாணவனை மாட்டுக்கும் கோழிக்கும் நடுவே நிறுத்தி, அவன் பெயரிட்டு வளர்க்கும் பன்றிக்குட்டி இறைச்சியாவதையும் ஒளிக்காமல் எழுதுகிறார். கடனால் பண்ணை கைவிட்டுப் போக, அங்கே பிறந்த மாணவன் ஒருவன் பள்ளியை விட்டு விலகும் பகுதியை, தோட்டம் விற்கப்பட்டதால் வீட்டைக் காலி செய்த குடும்பத்துப் பிள்ளை வாசித்தால், தன் அப்பாவிடம் கேட்கவேண்டிய கேள்விகள் பல அவனுக்கு எழும்.