சமையல்காரர் கேட்கும் சாவிக்கொத்து

திருட்டு கேம் தளங்களில் 100 ஜிபி கேமை 40 ஜிபிக்குள் அடக்கித் தருகிறார்களே, எப்படி? சுண்டைக்காயை வற்றலாக்குகிற கதைதான். திரும்பத் திரும்ப வரும் தகவலை ஒருமுறை மட்டும் எழுதிவிட்டு, மற்ற இடங்களில் 'முன்னே பார்க்க' என்று குறிப்பு வைப்பார்கள். வேண்டாத மொழிகளின் குரல் பதிவுகளையும் கழித்துவிடுவார்கள். இதுவரை வஞ்சகம் எதுவும் இல்லை.

ஆனால் வற்றலை அப்படியே தின்ன முடியாதே. அதனால் பொட்டலத்தோடு சமையல்காரர் ஒருவரும் வருகிறார். அவர்தான் செட்டப் ஃபைல். வந்ததும் வீட்டுச் சாவிக்கொத்தைக் கேட்பார். விண்டோஸ் அனுமதி கேட்கும்போது நாம் 'யெஸ்' அழுத்துவது அதற்குத்தான். அடுத்து, திண்ணையில் உட்கார்ந்து வருவோர் போவோரை விசாரிக்கும் பாட்டியை, அதாவது ஆன்டிவைரஸை, கொஞ்ச நேரம் தூங்கச் சொல்வார். பூட்டை உடைக்கும் கிராக் ஃபைலைக் கண்டால் பாட்டி கத்தத்தான் செய்வார், பயப்படாதீர்கள் என்பார். பிறகு மணிக்கணக்கில் அடுப்பு எரியும். பிராசஸர் முழு மூச்சில் ஓடும், ஃபேன் அலறும்.

சிக்கலே இதில்தான். சொன்ன வேலையை மட்டும் செய்கிற சமையல்காரரும் இதையெல்லாம்தான் கேட்பார், திருடனும் இதையேதான் கேட்பான். எந்த அறிகுறியைக் கண்டு நாம் உஷாராக வேண்டுமோ, அதையே சகஜம் என்று பழகிக்கொள்கிறோம்.

2024 டிசம்பர் 31 அன்று வெளிப்பட்ட ஒரு தாக்குதலுக்கு காஸ்பர்ஸ்கை என்ற ஆன்டிவைரஸ் நிறுவனம் 'ஸ்டாரிடோப்ரி' என்று பெயரிட்டது. பீம்என்ஜி டிரைவ், கேரிஸ் மாட் போன்ற கேம்களின் டோரன்ட்டுகளில் தாக்குதல்காரர்கள் செப்டம்பரிலேயே விஷம் வைத்துவிட்டு, ஆட்கள் விடுமுறையில் இருக்கும் நேரத்துக்காகக் காத்திருந்தார்கள். கேம் ஒழுங்காகவே ஓடியது. சமையல்காரர் மட்டும் வெளியே போகாமல், நம் கேஸில் தன் சொந்தக் கல்யாண ஆர்டரைச் சமைத்துக்கொண்டிருந்தார். மொனேரோ கிரிப்டோ நாணயத்துக்காகச் சுரங்கம் தோண்டும் வேலை. அதிலும் கணக்கான ஆள்: பிராசஸரில் எட்டு கோர் இல்லாவிட்டால் அடுப்பையே தொடமாட்டார்.

2021-ல் இன்னொரு ஆன்டிவைரஸ் நிறுவனமான அவாஸ்ட் அம்பலப்படுத்திய 'கிராக்கோநாஷ்' இன்னும் துணிச்சலானது. ஜிடிஏ 5, சிம்ஸ் 4 கேம்களின் திருட்டுப் பிரதிகளில் வந்து, கணினியை சேஃப் மோடில் எழுப்பும். பாட்டி அசந்து தூங்கும் வேளை அது. அப்போதே அவரை வீட்டைவிட்டு அனுப்பிவிடும். 2 லட்சத்துக்கும் மேற்பட்ட கணினிகள் இதில் சிக்கின.

பொட்டலத்தின் முத்திரை எண்ணான செக்சம் சரியாக இருக்கிறதே என்பார்கள் சிலர். கட்டியவர் கட்டியபடியே பொட்டலம் வந்து சேர்ந்தது என்பதற்குத்தான் அது சாட்சி. உள்ளே என்ன வைத்துக் கட்டினார் என்று அதற்குத் தெரியாது.

சிக்கிக்கொண்ட பிறகு கேமை அன்இன்ஸ்டால் செய்தால் பாத்திரம்தான் காலியாகும், சாவி அவரிடமே இருக்கும். விண்டோஸை அடியோடு அழித்துப் புதிதாகப் போட வேண்டும். பாஸ்வேர்டுகளை வேறொரு கணினியிலிருந்து மாற்ற வேண்டும், முதலில் மெயிலுக்கு, அடுத்து வங்கிக்கு.