தபால் பிரிக்கும் யந்திரமும் நம் ஊர் விலாசமும்

புதூர் என்ற பெயருடைய கிராமங்கள் தமிழ்நாட்டில் எத்தனையோ உள்ளன. நான் முன்பு பணியாற்றிய ஒன்றியத்தில், அப்பெயருள்ள ஓர் ஊர் விவசாயிக்கு நில விசாரணைக்கு வருமாறு அனுப்பிய அறிவிப்பு, விசாரணை முடிந்து நான்காம் நாள்தான் கிடைத்தது. உறையை வாங்கிப் பார்த்தேன். ஊர்ப் பெயர் சரியே. தபால் குறியீட்டு எண்ணில் மூன்றாம் இலக்கம் மாறியிருந்தது. கடிதம் வேறு மாவட்டத்துப் புதூருக்குப் போய்த் திரும்பியிருக்கிறது!

முற்காலத்தில் தபால் பிரிப்பது முழுவதும் மனிதரின் கையையும் நினைவாற்றலையும் நம்பியே நடந்தது. ஓடும் ரயிலின் தபால் வண்டியில் ஊழியர்கள் நின்றவண்ணம், மரச் சட்டத்தின் சிற்றறைகளில் கடிதங்களை ஊர்வாரியாக இடுவார்கள். எவ்வூருக்கு எவ்வழி என்பது அவர்களுக்கு மனப்பாடம். ஆயினும், ஒரே பெயருள்ள ஊர்களும் பல மொழி விலாசங்களும் அவர்களைத் திணறச் செய்தன. அக்குறை தீர, 1972 ஆகஸ்ட் 15 அன்று ஆறிலக்க எண் நடைமுறைக்கு வந்தது. அதை வகுத்தவர் ஸ்ரீராம் பிகாஜி வேலண்கர் என்ற அதிகாரி. அவர் சமஸ்கிருதக் கவிஞருமாவார்.

முதல் இலக்கம் மண்டலத்தைக் காட்டும். தமிழ்நாடும் கேரளமும் 6இல் அடங்கும். முதல் மூன்று இலக்கங்கள் தபால் பிரிக்கும் மாவட்டத்தையும், கடைசி மூன்றும் பட்டுவாடா செய்யும் தபால் நிலையத்தையும் குறிக்கும். 625 என்று தொடங்கினால் மதுரை. 641 என்றால் கோவை.

பிரிக்கும் யந்திரங்கள் மும்பையில் 1993ஆம் ஆண்டிலும், சென்னையில் 1996ஆம் ஆண்டிலும் அமைந்தன. யந்திரம் உறையிலுள்ள எண்ணைப் படித்து, கடிதத்தை உரிய அறையில் சேர்க்கிறது. படிக்க இயலாத விலாசத்தின் படத்தை ஊழியர் திரையில் கண்டு எண்ணைப் பதிவு செய்வார். பழைய ஊழியராயின் ஊரையும் எண்ணையும் ஒப்பிட்டு ஐயுறுவார். எண்ணை மட்டும் நோக்கும் யந்திரத்துக்கு ஐயம் எழாது.

கிராமவாசிகள் கவனிக்க வேண்டியது மற்றொன்று. கிளைத் தபால் நிலையங்களுக்குப் பெரும்பாலும் தனி எண் இல்லை. மேலுள்ள துணைத் தபால் நிலையத்தின் எண்ணே அவற்றுக்கும் உரியது. ஓர் எண்ணில் பல கிராமங்கள் அடங்குவதால், அதற்கப்பால் பிரிப்பவை இன்றும் மனிதக் கைகளே. ஆகவே ஊர், தெரு, கிளைத் தபால் நிலையம் ஆகியவற்றின் பெயர்களையும் தெளிவாக எழுதுங்கள். பஞ்சாயத்தின் கடிதத் தாளிலும் முத்திரையிலும் உள்ள எண் சரிதானா என்று தபால் நிலையத்தில் ஒருமுறை கேட்டுக்கொள்ளுங்கள்.

அந்தப் புதூர் விவசாயியின் தவறான எண், அவருடைய மனுவிலேயே இருந்தது. எழுதிக் கொடுத்தவர் ஞாபகத்திலிருந்து எழுதிவிட்டாராம். மறுவிசாரணை கோரி அவர் இரண்டாம் மனு எழுதியபோது, எண்ணை நானே சரிபார்த்துக் கொடுத்தேன்.