நாசாவின் படமா, நினைவின் படமா? ராபர்ட் லெகேட்டோவின் திரைக்கலை

நிலவை நோக்கிச் சென்று, வழியில் பிராணவாயுக் கலன் வெடித்ததால் அங்கு இறங்காமலேயே திரும்பிய அப்பல்லோ 13 விண்கலத்தின் கதை 1995-ஆம் ஆண்டு ஹாலிவுட் திரைப்படமாக வெளிவந்தது. அதில் ராக்கெட் புறப்படும் காட்சியை, அமெரிக்க விண்வெளி நிறுவனமான நாசாவின் பழைய படச்சுருள் என்றே பலரும் நம்பினர். ஆனால் அது சிறிய அளவிலான மாதிரிகளையும் கணினி வரைகலையையும் இணைத்து உருவாக்கப்பட்டது.

அதற்குப் பொறுப்பாயிருந்தவர் விஷுவல் எஃபெக்ட்ஸ் கலைஞர் ராபர்ட் லெகேட்டோ. ஸ்டார் ட்ரெக் தொலைக்காட்சித் தொடர்களில் பணியாற்றிவிட்டுத் திரையுலகுக்கு வந்தவர்.

அவர் கையாண்ட வழி விந்தையானது. நாசாவின் அசல் படங்களைச் சிலருக்குத் திரையிட்டுக் காட்டினார். பின்னர், பார்த்தவற்றில் மனதில் நின்றவை எவை என்று கேட்டார். அவர்கள் விவரித்த பல காட்சிகள் அந்தப் படங்களில் இருக்கவேயில்லை. தனித்தனித் துண்டுகளை மனம் ஒரே காட்சியாக இணைத்திருந்தது. லெகேட்டோ படமாக்கியது அந்த நினைவைத்தான்.

படத்துக்கு ஆலோசகராக இருந்த முன்னாள் விண்வெளி வீரர் ஒருவர், ஒரு காட்சியைப் பார்த்து, ராக்கெட் இப்படிப் புறப்படாது, இது தவறு என்றாராம். அவர் பார்த்தது நாசாவின் அசல் படம். 2012-இல் ஆற்றிய உரையொன்றில் லெகேட்டோவே இதைக் கூறியிருக்கிறார்.

அவ்வாண்டு ஆஸ்கர் விருது, பேசும் பன்றிக்குட்டியின் கதையான பேப் படத்துக்குச் சென்றது. பின்னர் டைட்டானிக், ஹியூகோ, தி ஜங்கிள் புக் ஆகிய மூன்று படங்கள் லெகேட்டோவுக்கு அவ்விருதைப் பெற்றுத் தந்தன. டைட்டானிக்கில், கடலடியில் எடுக்கப்பட்ட உண்மையான சிதைவுகளின் படங்களோடு மாதிரிகளின் படங்களும் கலந்துள்ளன. மார்ட்டின் ஸ்கோர்செசியின் தி ஏவியேட்டர் (2004) படத்துக்காக, பெரிய மாதிரி விமானங்கள் திறந்தவெளியில் பறக்கவிடப்பட்டுப் படமாக்கப்பட்டன. கணினியால் எதையும் வரைய முடிந்த காலத்திலும், உண்மையான வெயில் தரும் ஒளியை அவர் விட்டுக்கொடுக்கவில்லை.

2016-இல் வெளியான தி ஜங்கிள் புக்கில் இந்தியக் காடு முழுவதும் கணினியில் வளர்ந்தது. படப்பிடிப்போ லாஸ் ஏஞ்சலஸ் அரங்கில் நடந்தது. தமிழிலும் மொழிமாற்றம் செய்யப்பட்ட அப்படம், அமெரிக்காவுக்கு ஒரு வாரம் முன்னதாகவே இந்தியாவில் திரையிடப்பட்டது.

அடுத்து வந்த தி லயன் கிங் (2019) படத்தில் கணினியில் உருவான காட்சித்துண்டுகள் 1,490 என்றும், ஆப்பிரிக்காவில் உண்மையாகவே படமெடுக்கப்பட்டது தொடக்கக் காட்சி ஒன்று மட்டுமே என்றும் இயக்குநர் ஜான் ஃபாவ்ரோ பின்னர் வெளியிட்டார். ஆனால் தந்தையை இழந்த சிங்கக்குட்டியின் முகத்தில் துயரம் தெரியவில்லை என்று விமர்சகர்கள் குறை கூறினர். சிங்கத்தின் முகம் அப்படித்தான் இருக்கும்; அதில் பிழையில்லை. ஆனால் பார்வையாளர் மனதில் இருந்தது 1994-ஆம் ஆண்டின் ஓவியச் சிங்கம். அப்பல்லோ படத்தில் நினைவின் பக்கம் நின்ற கலை, இம்முறை கேமராவின் பக்கம் சாய்ந்துவிட்டது.

2025-ஆம் ஆண்டு லெகேட்டோ, எழுத்தில் தரும் விவரத்தைக் கொண்டே படங்களை உருவாக்கும் செயற்கை நுண்ணறிவு நிறுவனமான ஸ்டெபிலிட்டி ஏஐ-யில் இணைந்தார். தங்கள் படைப்புகள் அனுமதியின்றிப் பயன்படுத்தப்பட்டதாகக் கூறி, ஓவியர்கள் சிலர் 2023-இல் அந்நிறுவனத்தின் மீது அமெரிக்க நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்திருந்தனர்.