செயலியின் பெயரும் அடையாளமும்: அன்ட்ரொயிட் விபரக் கோப்பு பற்றிய சில அவதானங்கள்

கைத்தொலைபேசித் திரையில் சின்னத்தின் கீழே காணப்படுவதே ஒரு செயலியின் பெயர் எனக் கொள்வது நம்மிடையே வழக்கம். அன்ட்ரொயிட் செயலிகளைப் பொறுத்தவரை இக்கருத்து அரைகுறையானது. அப்பெயர் எங்கிருந்து பெறப்படுகின்றது என ஆராயுமிடத்து இது தெளிவாகும்.

அன்ட்ரொயிட் செயலி ஏபிகே எனும் பொதியாகத் தொலைபேசியை வந்தடைகின்றது. அமைப்பில் அது ஒரு ஸிப் கோப்பே. மனிபெஸ்ற் எனப்படும் விபரக் கோப்பு அதனுள் கட்டாயம் இருத்தல் வேண்டும். செயலியின் கூறுகளும் அது கோரும் அனுமதிகளும் அங்கேயே பிரகடனப்படுத்தப்படுகின்றன. நிரலாளர் அதனை எக்ஸ்எம்எல் வடிவில் எழுதுகின்றார். பொதியாக்கத்தின்போது அது இரும வடிவம் பெறுகின்றது. ஆதலின், பொதியை விரித்து அக்கோப்பைச் சாதாரண எழுத்துத் தொகுப்பியில் திறப்பவர் காண்பது குழம்பிய குறிகளையே. ஏஏபிரி போன்ற கருவியின் துணையுடனேயே அதனை வாசித்தல் இயலும்.

பெயரைச் சுட்டும் பண்பு 'லேபல்' எனப்படும். அதில் பெயர் நேரடியாகவே எழுதப்பட்டிருக்கலாம். ஆனால் பெரும்பாலும் அங்கு காணப்படுவது ஓர் எண். எட்டுப் பதினறும இலக்கங்கள் கொண்ட அவ்வெண்ணின் முதலிரண்டு இலக்கங்கள் பொதியையும், அடுத்த இரண்டு வளத்தின் வகையையும், எஞ்சிய நான்கு அவ்வகையுள் அதன் இடத்தையும் குறிக்கும். பொதியிலுள்ள வள அட்டவணையில் அவ்வெண்ணைத் தேடினால், மொழிக்கொரு பெயராகப் பல பெயர்கள் கிடைத்தல் கூடும். இன்னொன்றும் உண்டு: முகப்புத் திரையிலிருந்து திறக்கப்படும் கூறு தனக்கெனத் தனி லேபல் கொண்டிருப்பின், சின்னத்தின் கீழ்த் தோன்றுவது அதுவே.

மொழிப் பிரச்சினை இங்கேதான் எழுகின்றது. தொலைபேசியைத் தமிழுக்கு மாற்றுவதால் மட்டும் செயலியின் பெயர் தமிழாகிவிடாது. செயலியை ஆக்கியோர் தமிழ்ப் பெயரை அட்டவணையில் இட்டிருத்தல் வேண்டும். அவ்வாறு இட்டபோதும் இலங்கைத் தமிழர் நீண்டகாலம் அதனைக் காணாதிருக்க நேர்ந்தமை மனங்கொள்ளத்தக்கது. 'தமிழ்–இந்தியா' என வகுக்கப்பட்ட பெயரை, 'தமிழ்–இலங்கை' எனத் தெரிவுசெய்த தொலைபேசி ஏற்கவில்லை. இயல்புநிலைப் பெயரையே, அதாவது பெரும்பாலும் ஆங்கிலத்தையே, காட்டிற்று. 2016 இல் வெளியான 7.0 ஆம் பதிப்பே ஒரு மொழியின் பிரதேச வடிவங்களுள் ஒன்றில்லாதபோது மற்றொன்றை நாடும் முறையைப் புகுத்தியது. நாட்டெல்லையை மொழியெல்லையாகக் கொண்ட வடிவமைப்பின் விளைவு இது.

லேபல் தனித்துவமானதன்று என்பதும் கவனத்துக்குரியது. ஒரு வங்கியின் செயலிக்குரிய லேபலை எவரும் தமது செயலிக்கு இடலாம். இரண்டும் ஒரே தொலைபேசியில் அருகருகே இருக்கவும் கூடும். தொலைபேசி அவற்றை வேறுபடுத்துவது விபரக் கோப்பின் தொடக்கத்திலுள்ள பொதிப் பெயரைக் கொண்டே. சாதாரண பாவனையாளருக்கு அப்பொதிப் பெயரைத் திரை காட்டுவதில்லை. அங்கீகரிக்கப்பட்ட களஞ்சியங்களுக்கு வெளியே பெறப்பட்ட பொதியாயின் பொதிப் பெயரும் போதாது. அதனையும் போலியாக எழுதலாம். அத்தகைய பொதியில் ஒப்புநோக்க வேண்டியது அதன் இலக்கமுறைக் கையொப்பமாகும்.